குசினிக்குப் போகும் வழி

1

இந்தக் கதையை இரண்டாவது தடவையாக எழுதுகிறேன். முதல் தடவை எழுதியது போன மாசி மாதம் ஐந்நூறு பிரதி அச்சடித்துத் திருகோணமலை நகரம் முழுக்க இலவசமாகக் கொடுக்கப்பட்டது. நன்றாகத்தான் எழுதியிருந்தேன், அதுதான் வினை. அதிலிருந்த ஒரு வாக்கியம், முப்பது வருடமாக நான் எழுதியவற்றுள் ஆகச் சிறந்த வாக்கியம், மூதூரில் ஒரு மீன்பிடிகாரரை அவருடைய இடத்திலிருந்து துரத்திவிட்டது. ஆகவே இம்முறை அந்த வாக்கியம் இல்லாமல் எழுதுகிறேன். அது இருந்த இடத்தில் வெறும் அடைப்புக்குறி இருக்கும். (மூதூர் என்று சொன்னேன். அதையும் முழுதாக நம்ப வேண்டாம். கொட்டியாரக் குடாவைச் சுற்றி ஊர்களுக்குப் பஞ்சமில்லை.)

எழுதச் சொன்னவர் அஞ்சலோ. துறைமுகப் பக்கம் வள்ள எஞ்சின்களுக்கு உதிரிப்பாகம் விற்கும் கடை வைத்திருக்கிறார். ஸ்பார்க் பிளக்குகளுக்கும் கயிற்றுச் சுருள்களுக்கும் நடுவே ஒரு கண்ணாடி அலுமாரி. அதற்குள் பிளாஸ்டிக் போர்க்கப்பல்கள், அவரே பசை போட்டு ஒட்டியவை. அறுபது வயது மனிதர் பஞ்சுக் குச்சியால் பீரங்கிக்குத் தூசு தட்டுவதைப் பார்த்தால் சிரிப்பு வரும். நான் அதை அடக்கியதில்லை. போர்க்கப்பல் வரலாற்று நண்பர் வட்டத்துக்கு அவர்தான் தலைவர். வட்டத்தில் நான்கு பேர், அதில் ஒருவர் கனடாவில்.

ஏதோவொரு நாட்டின் சாம்பல் நிறக் கப்பல் நல்லெண்ண விஜயமாக வருகிறதாம். அன்றைக்கு வட்டம் ஒரு மலர் வெளியிட வேண்டுமாம். நவீன போர்க்கப்பல்களின் வரலாறு பற்றித் தமிழில் ஒரு கதை, இரண்டாயிரம் சொல், கொஞ்சம் பெருமையும் இருக்கட்டுமாம். பீரங்கியோடு நல்லெண்ணம் எப்படி வருகிறது என்று கேட்டேன். இப்போது பீரங்கி முக்கியமில்லை அக்கா, ஏவுகணைதான் என்று திருத்தினார்.

2

தொடக்கம் ஒன்று: "ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஆறாம் ஆண்டு, உலகக் கடல்களின் தலைவிதியையே மாற்றிய அந்த மாபெரும்…"

நிறுத்தினேன். அந்த மாபெரும் கப்பலின் பெயர் ட்ரெட்நோட். எதற்கும் அஞ்சாதது என்று அர்த்தம். அது கடலில் இறங்கியதும் உலகத்திலிருந்த மற்ற எல்லாப் போர்க்கப்பல்களும் பழசாகிவிட்டன என்று அஞ்சலோ கண் கலங்கச் சொல்வார். கட்டிய இங்கிலாந்தின் சொந்தக் கப்பல்களும் சேர்ந்தேதான் பழசாகின, அதைச் சொல்ல மாட்டார். எதற்கும் அஞ்சாதது தன் ஆயுளில் செய்த பெரிய காரியம், ஒரு நீர்மூழ்கியின் மேல் ஏறிப் போனது. பஸ் நாயின் மேல் ஏறுமே, அப்படி. முதலாம் உலகப் போரின் பெரிய கடற்சண்டை நடந்த அன்று அது திருத்த வேலைக்காக நின்றது. பதினைந்து வருடத்தில் பழைய இரும்புக்கு விற்றார்கள்.

தொடக்கம் இரண்டு: "திருகோணமலையைக் கையில் வைத்திருப்பவனே இந்து சமுத்திரத்தைக் கையில்…"

இதை யார் முதலில் சொன்னார் என்று எனக்குத் தெரியாது. மலருக்கு மலர் வரும். போர்த்துக்கேயர் வைத்திருந்தார்கள், ஒல்லாந்தர் வைத்திருந்தார்கள், பிரெஞ்சுக்காரர் பிடித்தார்கள், பழைய குருடி கதவைத் திறடி என்று மறுபடி ஒல்லாந்தர், அதன் பிறகு ஆங்கிலேயர். கையில் வைத்திருந்த எல்லோரும் கையை உதறிக்கொண்டு போனார்கள். மிஞ்சியது கதிரை, அலுமாரி என்று சில சொற்களும், மரியமலர் என்கிற என் பெயரின் முன்பாதியும்.

தொடக்கம் மூன்று: "விமானம் சுமப்பதற்கென்றே திட்டம் போட்டுத் தொடங்கிய உலகின் முதற்கப்பலான ஹெர்மீஸ், 1942 சித்திரையில் இந்தத் துறைமுகத்தை விட்டு…"

'விட்டு ஓடியது' என்று எழுதினால் அஞ்சலோவுக்கு மனம் நோகும், 'விட்டுப் புறப்பட்டது' என்று எழுதினால் எனக்கு. மட்டக்களப்புக்கு அப்பால் ஜப்பான் விமானங்கள் அதைக் கண்டபோது, விமானம் சுமக்கும் அந்தக் கப்பலில் ஒரு விமானமும் இல்லை. எல்லாம் கரையில். சில நிமிடங்களில் மூழ்கித் தாண்டுபோனது, முந்நூறு பேரோடு. முந்நூறு என்று எழுதியதும் என் பரிகாசம் நின்றுவிட்டது. பரிகாசம் இல்லாமல் எனக்கு எழுத வராது. ஆகவே இந்தத் தொடக்கத்தையும் விட்டேன்.

3

அஞ்சலோ தந்த பட்டியலில் பதினான்கு கப்பல்கள் இருந்தன. கலியாணத் தரகர் கொண்டுவரும் குறிப்பைப் போல ஒவ்வொன்றுக்கும் நீளம், நிறை, வேகம். மனிதர் ஒருவரும் இல்லை. பதினான்காவது மட்டும் என் கண்ணில் பட்டது. சாமான் ஏற்றும் ஒரு சின்னக் கப்பல், அந்த நாற்பத்திரண்டுக் குண்டுவீச்சில் தாண்டது. ஒரு வெடியும் வைக்காத கப்பல், ஆகவே அதைப் பற்றி ஒருவரும் புத்தகம் எழுதவில்லை. பெயர் சொல்ல மாட்டேன். எங்கே கிடக்கிறது என்று எந்த வரைபடத்திலும் சரியாக இல்லை.

ஆனால் ஒரு ஆளுக்குத் தெரியும் என்றார் அஞ்சலோ. மூதூரிலிருந்து வரும் கலீலுர் றஹ்மான் மற்றவர்களை விட அடிக்கடி நங்கூரக் கயிறு வாங்குவாராம். ஒருநாள் அளவுக்காக அறுந்த பழைய கயிற்றைக் கொண்டுவந்தாராம். அறுந்த நுனியில் துரு. கல்லில் அறுந்த கயிற்றில் துரு ஏது? அஞ்சலோ கேட்டதற்கு அவர் சிரித்துவிட்டுப் போய்விட்டார். நீங்கள் போனால் சொல்லக்கூடும், நீங்கள் டீச்சர்தானே என்றார் அஞ்சலோ.

அது உண்மை. முப்பத்தொரு வருடம் வரலாறு படிப்பித்தவளுக்கு இந்தப் பக்கம் எந்தக் கதவும் திறக்கும். திறந்த பிறகு நான் என்ன செய்வேன் என்று ஒருவரும் கேட்பதில்லை.

4

கதாபாத்திரமாகப் பார்த்தால் கலீலுர் றஹ்மான் எனக்குத் திருப்தி தரவில்லை. ஐம்பது வயது, கட்டையான ஆள், கடலைப் பார்த்துப் பெருமூச்சு விடுவதில்லை. போனில் கிரிக்கெட் கேட்கிறார். தத்துவம் ஏதும் சொல்வார் என்று கொப்பியைத் திறந்து வைத்துக்கொண்டு இரண்டு மணித்தியாலம் இருந்தேன். சீனாக்காரன் செய்யும் புரொப்பெல்லர் சரியில்லை என்பதே அவர் சொன்ன ஆக ஆழமான கருத்து. மனைவி ஸுல்பிகா தேத்தண்ணி தந்துவிட்டு, என்னுடைய முழங்கால் வலிக்கு எண்ணெய் சொன்னார்.

இரண்டாம் நாள்தான் அந்தச் சொல் வந்தது. தாண்ட கப்பலை அவர்கள் வீட்டில் குசினி என்கிறார்கள், சமையலறை என்று. அவருடைய வாப்பா வைத்த பெயர். போனால் சாப்பாடு இருக்கும், அவ்வளவுதான் காரணம். கலவாயும் விளைமீனும் அதன் இரும்புக்குள் குடியிருக்கின்றன. எண்பது வருடத்தில் ஒரு போர்க்காலக் கப்பல் ஊருக்குச் செய்த ஒரே நன்மை, அடியில் போய்ப் பேசாமல் கிடந்தது.

(இதை அடிக்குறிப்பாகத்தான் போட வேண்டும். குசினி எங்கே என்று கண்டுபிடிப்பது இப்படி: கரையில் ஒன்றுக்குப் பின்னால் ஒன்றாக நிற்கும் இரண்டு பொருட்கள் ஒன்றையொன்று மறைக்கும்வரை வள்ளத்தை நகர்த்த வேண்டும். அது ஒரு கோடு, முதலாவது அடையாளம். பக்கவாட்டில் இன்னொரு சோடி உண்டு. அது மற்றக் கோடு, இரண்டாவது அடையாளம். இரண்டு கோடும் வெட்டும் இடத்தில் நங்கூரம் போட வேண்டும். ஜிபிஎஸ் இல்லையா என்று கேட்டேன். கருவியைக் களவெடுக்கலாம், கண்ணைக் களவெடுக்க ஏலாது என்றார்.)

மூன்றாம் நாள் விடிய என்னைக் கூட்டிக்கொண்டு போனார். ஒரு நிபந்தனை. குசினியை நெருங்கும்போது கரைக்கு முதுகைக் காட்டி, வெளிக்கடலைப் பார்த்துக்கொண்டு இருக்க வேண்டும். அந்தக் குடும்பத்து வள்ளத்தில் ஏறும் எல்லோருக்கும் அதுதான் முறை. அவரோடு பத்து வருடம் தொழிலுக்குப் போன மச்சான் ஸஹாப்தீனும் அப்படித்தான் இருப்பாராம். ஸுல்பிகா கலியாணமான புதிதில் ஒருதடவை போயிருக்கிறார். முதுகைக் காட்டி இருந்தது போதாதென்று கண்ணையும் மூடிக்கொண்டாராம். தெரிந்தால் என்றைக்காவது வாயில் வந்துவிடும் என்ற பயம். இருபத்தாறு வருடம் அந்த இடத்து மீனைக் கழுவி ஆக்கியவர், அது எந்தத் திசை என்று இன்றுவரை அறியமாட்டார்.

நான் எழுத்தாளர். தலையில் போட்டிருந்த துவாயைச் சரிசெய்வது போலத் திரும்பினேன்.

5

முதற்கதையில் இந்த இடத்தில் இருந்த வாக்கியம்:

[                                                                      ]

பதினொரு சொற்கள். இரண்டு பொருட்கள் விடியல் வெளிச்சத்தில் ஒன்றுக்குள் ஒன்று புகுந்து மறைவதை அந்தப் பதினொரு சொல்லில் எழுதினேன். எழுதி முடித்ததும் எழும்பிப் போய்த் தண்ணீர் குடித்தேன். அவ்வளவு சந்தோஷம். பொருட்களை மாற்றிப்போட்டுப் பார்த்தேன், அதையும் மறைக்க மாட்டேன். முதலாவதுக்குப் பதில் தென்னை என்று போட்டேன், வாக்கியம் செத்தது. கோபுரம் என்று போட்டேன், பாடப்புத்தகம் ஆனது. உண்மைதான் அழகாக இருந்தது. யார் வாசிக்கப்போகிறார்கள், அஞ்சலோவின் நான்கு பேர்தானே என்று நினைத்துக்கொண்டு அனுப்பினேன்.

வாசிக்க மாட்டார்கள் என்று நினைத்து எழுதியது இது ஒன்றுதான். இதைத்தான் வாசித்தார்கள்.

6

சாம்பல் கப்பல் வந்தது, பாண்ட் வாசித்தது, போனது. மலரை அஞ்சலோ தன் கடைக் கவுண்டரில் அடுக்கி வைத்தார். ஸ்பார்க் பிளக் வாங்கியவர் எல்லோருக்கும் ஒன்று இலவசம்.

பங்குனியில் கடல் அடங்கிப் படுத்ததும், வெளிநாட்டுக்காரரைக் கடலுக்கடியில் சுழியோடக் கூட்டிக்கொண்டு போகும் ஒரு கூட்டம் அந்த மலரோடு புறப்பட்டது. (யாரென்று சொல்ல மாட்டேன். அவர்கள் ஒரு குற்றமும் செய்யவில்லை. கதை வாசித்தார்கள்.) என் பதினொரு சொல்லை வைத்துக் கோட்டைப் பிடித்துக்கொண்டார்கள். ஆனால் எனக்குத் தெரிந்தது ஒரு கோடுதான். நான் திரும்பியது ஒருதடவைதானே. அந்தக் கோடு நெடுக அடியில் கல். உடைந்து கிடக்கும் சின்னக் கப்பலையும் கல்லையும் அவர்களுடைய கருவி பிரித்துக் காட்டவில்லை. நாலு நாள் மேலும் கீழும் ஓடினார்கள். பிறகு புத்தியாக ஒரு காரியம் செய்தார்கள். எஞ்சினை நிறுத்திவிட்டுக் காத்திருந்தார்கள். அந்தக் கோட்டில் எந்த மீன்பிடி வள்ளம் எங்கே வந்து நங்கூரம் போடுகிறது என்று பார்த்தால் போதும்.

கலீலுர் றஹ்மான் தூரத்திலேயே அவர்களைக் கண்டு வள்ளத்தைத் திருப்பிக்கொண்டு போனார். அடுத்த நாளும் நின்றார்கள். அதற்கடுத்த நாள் அவர்களைப் பார்த்து வேறு இரண்டு வள்ளங்களும் வந்து நின்றன. இடம் தெரிந்தால் அதற்கு மேல் மிதவை வரும். மிதவையைக் கண்டால் ஊர் வரும். கடைசியில் வெடி போட்டு மீன் பிடிப்பவன் வருவான். ஒரு காலைக்குள் எல்லாம் முடிந்துவிடும்.

எனக்கு இதைச் சொன்னவர் அஞ்சலோ. மிகவும் சந்தோஷமாகச் சொன்னார். மலரை வாசித்துவிட்டு ஆட்கள் செயலில் இறங்கியிருக்கிறார்கள், வட்டத்தின் வரலாற்றில் இது முதல் தடவை.

கடற்போர் நூல்களில் இதற்கு முற்றுகை என்று பெயர். ஒரு பெரிய கடற்படை இன்னொன்றைத் துறைமுகத்துக்குள்ளேயே வருடக்கணக்கில் அடைத்துவைக்கும், ஒரு குண்டும் சுடாமல். அதற்கு எத்தனை கப்பல் வேண்டும், எத்தனை தொன் நிலக்கரி வேண்டும் என்று அத்தியாயம் அத்தியாயமாக எழுதியிருக்கிறார்கள். எனக்குப் பதினொரு சொல் போதுமாக இருந்தது. அஞ்சலோவின் அலுமாரியில் எனக்கும் ஒரு பிளாஸ்டிக் உருவம் வைக்கலாம்.

7

இந்த இடத்தில் கதைக்கு ஒரு முடிவு வேண்டும். மூன்று எழுதிப் பார்த்தேன்.

முடிவு அ: திடீரென்று காற்று மாறி, காத்திருந்தவர்களின் படகு… வேண்டாம். நியாயம் கிடைக்க வேண்டும் என்று புயலைக் கூப்பிடுவது பரீட்சையில் சித்தியடையக் கோயிலுக்குத் தேங்காய் உடைப்பது மாதிரி. அந்தப் படகில் சம்பளத்துக்கு வேலை செய்கிறவன் நிலாவெளிப் பொடியன்.

முடிவு ஆ: மற்றவர்கள் கடலுக்குப் போகப் பயப்படும் வாடைக் காலத்தில், ஆளுயர அலைக்குள் கலீலுர் றஹ்மான் தனியாக வள்ளத்தைத் தள்ளி… இதை எழுதும்போது எனக்கே கண்ணீர் வந்தது, உடனே கிழித்தேன். அவருக்கு மூன்று பிள்ளைகள். என் கதை உருக்கமாக முடிவதற்காக அவர் ஏன் சாக வேண்டும்?

முடிவு இ அஞ்சலோவுடையது. நான் போய்ச் சத்தம் போட்ட பிறகு, பாவம், இரவெல்லாம் யோசித்திருக்கிறார். அந்த இடத்தைப் போர்க்கால மரபுச் சின்னமாக அறிவிக்கும்படி வட்டத்தின் சார்பில் ஒரு விண்ணப்பம் எழுதலாமாம். அறிவித்தால் சுழியோடிகள் உள்ளே போக ஏலாது. கலீலுர் றஹ்மான் போகலாமா என்று கேட்டேன். விண்ணப்பத்தைத் திரும்ப வாசித்துப் பார்த்தார். அவரும் போக ஏலாதுதான் அக்கா என்றார்.

ஆக, உண்மையில் நடந்ததைச் சொல்வதைத் தவிர வேறு வழியில்லை. அதைத் தள்ளிப்போடத்தான் இவ்வளவும் எழுதினேன்.

8

மூதூருக்குப் போனேன். பஸ்ஸில் ஒரு மன்னிப்புரை தயாரித்தேன், நல்ல நடையில். அது தேவைப்படவில்லை.

அவர் வாசலில் இருந்து தூண்டிலுக்கு ஈயம் கட்டிக்கொண்டிருந்தார். இப்போது குடாவுக்குள், எல்லோரும் போடும் இடத்தில்தான் போடுகிறாராம். சாப்பாட்டுக்கு வருகிறது என்றார். நான் திரும்பிப் பார்த்ததைச் சொன்னேன், எழுதியதைச் சொன்னேன். அவர் ஈயத்தைக் கீழே வைக்கவில்லை.

"நீங்க திரும்பினதைக் கண்டனான்," என்றார். "டீச்சர்தானே எண்டு விட்டனான்."

அடித்திருக்கலாம். ஏசியிருந்தால் நான் பதிலுக்கு அழுதிருப்பேன், கதைக்கு ஒரு காட்சியும் கிடைத்திருக்கும். அவர் ஒரு தொழில் விஷயத்தை விளக்குவது போலத்தான் மிச்சத்தைச் சொன்னார். அவர்களிடம் ஒரு கோடு இருக்கிறது, மற்றக் கோடு இல்லை. அது அவருடைய கண்ணில்தான் இருக்கிறது. ஆனால் அவர் போய் நின்றால் அவர்களுக்குக் கண் தேவையில்லை.

"இப்ப ரெண்டாவது அடையாளம் நான்தான் டீச்சர். நான் எங்க நிக்கிறனோ அதுதான் இடம். அதைக் காப்பாத்திறதெண்டா நான் அங்க போகப்படாது."

எவ்வளவு காலத்துக்கு என்று கேட்டேன். அவங்கள் மறக்கும்வரைக்கும் என்றார். கடலில் அதற்கும் ஒரு கணக்கு உண்டாம். மீன் கிடக்கும் ஒரு பார் பற்றிய கதை எழும்பினால் ஆட்கள் ஒரு வருடம் தேடுவார்கள், இரண்டாம் வருடம் பகிடி பண்ணுவார்கள், மூன்றாம் வருடம் விட்டுவிடுவார்கள். வாய்க்கதைக்கு மூன்று வருடம். ஆனால் இது எழுத்து. எழுத்துக்கு எவ்வளவு என்று அவருக்குத் தெரியாது.

ஸுல்பிகா வாசற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். அவருடைய முகத்தில் கோபம் இருந்ததா என்று பார்த்தேன், பார்க்கத் துணியவில்லை என்பதுதான் சரி. அவர் வெளியே வந்து எனக்கு ஒரு கதிரையை இழுத்துப் போட்டார்.

"டீச்சர், ஒண்டு கேக்கட்டா? நீங்க எழுதின கதையை ஆக்கள் எத்தின வருசத்துக்கு வாசிப்பாங்க?"

முப்பது வருடமாக இந்தக் கேள்வியை யாராவது கேட்பார்கள் என்று காத்திருந்தவள் நான். பதில்கூடத் தயாராக இருந்தது. நல்ல எழுத்து காலத்தை வெல்லும் என்று பிள்ளைகளுக்குக் கரும்பலகையில் எழுதிப்போட்டவள். வாயைத் திறந்தேன். இரண்டு பேரும் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள், ஆஸ்பத்திரியில் டொக்டரின் வாயைப் பார்ப்பது போல.

"கனகாலத்துக்கில்லை," என்றேன்.

"கனகாலமெண்டா?" என்றார் ஸுல்பிகா. "மூத்தவன் அடுத்த வருசம் வாப்பாவோட தொழிலுக்குப் போகப்போறான். அவனுக்கு இடத்தைக் காட்டுறதா, காட்டாம விடுறதா?"

ஸுல்பிகா தந்த தேத்தண்ணியைக் குடித்துவிட்டுக் கடைசி பஸ்ஸைப் பிடித்தேன்.

9

அப்படியானால் இதை ஏன் மறுபடி எழுதினாய் என்று கேட்பீர்கள். வெளியில் சொல்லக்கூடிய காரணம் ஒன்று இருக்கிறது. ஐந்நூறில் நானூற்றுப் பன்னிரண்டு மலர்களைத் தேடிப் பிடித்து அழித்துவிட்டேன், அஞ்சலோவும் கூட வந்தார். மிச்சம் எண்பத்தெட்டு எங்கேயோ இருக்கின்றன. அந்தக் கதையைத் தேடி வருகிறவர்களின் கையில் வாக்கியம் இல்லாத இந்தக் கதை கிடைக்கட்டும் என்பது என் நியாயம். இது பாதிப் பொய். ஸுல்பிகாவின் கேள்வியை அவர் கேட்டுக்கொண்டிருக்கும்போதே, இது நல்ல முடிவு என்று எனக்குப் பட்டுவிட்டது. பஸ்ஸில் கொப்பியில் குறித்துக்கொண்டேன். இந்த வெட்கங்கெட்ட பிழைப்பை வேறு எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை.

இவ்வகைக் கதைகளில் முடிவை வாசகரிடம் விடுவார்கள். பெருந்தன்மை போல இருக்கும். நான் விடுவதற்குக் காரணம், அந்த முடிவு உங்களிடம்தான் இருக்கிறது. அவர் எத்தனை வருடம் அங்கே போகாமல் இருக்க வேண்டும் என்பது நீங்கள் இதை எத்தனை பேருக்குச் சொல்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. கடற்கரையில் யாராவது ஒரு வள்ளம் தனியாக நிற்பதைப் பார்த்து இந்தக் கதை உங்களுக்கு ஞாபகம் வந்தால், அது ஒரு வருடம். திருகோணமலைக்கு வரும்போது எந்த இரண்டு பொருளாக இருக்கும் என்று கரையைப் பார்த்தீர்களானால், அது இன்னொரு வருடம். பார்ப்பீர்கள், எனக்குத் தெரியும். நானும் பார்த்தவள்தான்.

மறந்துவிடுங்கள் என்று கேட்க வேண்டும். கேட்கிறேன். மனதாரக் கேட்கிறேனா என்று கேட்காதீர்கள்.

கதை நன்றாக இருந்தது என்று மட்டும் எனக்கு எழுத வேண்டாம். அந்த வீட்டில் அதுவும் ஒரு வருடம்.